தொண்ணூற்றாறாம் பக்கம்

ஒரு பக்கம் முழுவதையும் கறுப்பாக அடித்தால் மை காய ஒன்றரை நாள் பிடிக்கும், ஐயா. அவசரப்பட்டு மடித்தால் எதிர்த்தாளில் ஒட்டிக்கொள்ளும். நாங்கள் அவசரப்பட்டோம். அதனால்தான் முதல் பதிப்பில் எல்லாப் பிரதியிலும் பின்னட்டையின் உட்புறத்தில் ஒரு கறை இருக்கும். அந்தக் கறையை உற்றுப் பார்த்தால் விரிந்த கை ஒன்று தெரிகிறது என்று திருப்பாதிரிப்புலியூரிலிருந்து ஒருவர் கடிதம் எழுதினார். அதே கறையில் இறுக மூடிய கை தெரிகிறது என்று விருத்தாசலத்திலிருந்து இன்னொருவர் எழுதினார். இரண்டு கடிதமும் ஒரே தபாலில் வந்தன. அன்று நான் மதியம் சாப்பிடவில்லை. சந்தோஷத்தில் வயிறு நிறைந்துவிடும் என்பார்களே, அது உண்மைதான்.

முதலிலிருந்து சொல்லச் சொல்கிறீர்கள். சொல்கிறேன்.

என் பெயர் கொளஞ்சியப்பன். வயது முப்பத்தெட்டு. ஊர் விருத்தாசலம் பக்கம். அப்பா கரும்பு போட்டவர். எனக்கு மண் ஒட்டவில்லை, எழுத்துதான் ஒட்டியது. சிதம்பரத்தில் ஓர் ஆஃப்செட் அச்சகத்தில் பதினான்கு வருடமாக இருக்கிறேன். கல்யாணப் பத்திரிகை, தேர்த் திருவிழா நோட்டீஸ், காலேஜ் பிள்ளைகளின் நோட்ஸ். கம்ப்யூட்டரில் எழுத்தை அமைப்பதும், ஃபிலிமை வைத்து பிளேட் எடுப்பதும் என் வேலை. பிளேட்டில் இருப்பதுதான் தாளில் விழும். மெஷின் ஓட்டுகிறவர் வேறு, மடிக்கிறவர்கள் வேறு. ஆனால் இடையில் என்னைக் கேட்காமல் ஒரு புள்ளிகூடக் கூடாது, குறையாது.

அரவிந்தன் முதன்முதலில் வந்தது 2009 கோடையில். கடலூருக்குத் தெற்கே ஒரு குப்பத்துக்காரன். படகுகளுக்குப் பெயர் எழுதுவான், முகப்பில் மீன், புலி, அம்மன் எது கேட்டாலும் வரைவான். சுனாமிக்குப் பிறகு கரையெல்லாம் புது ஃபைபர் படகாக வந்து இறங்கியதில் அவனுக்குக் கை ஓயாத வேலை. அந்த வேலைக்கு நடுவில் நாலு வருடமாக ஒரு படக்கதை வரைந்திருந்தான். பாலிதீன் பையில் சுற்றி, நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்தான். தொண்ணூற்றாறு பக்கம்.

"படிச்சிட்டுச் சொல்லுங்க. நல்லால்லன்னா இப்படியே எடுத்துட்டுப் போறேன்" என்றான்.

நின்றுகொண்டே படித்தேன். மதியச் சாப்பாட்டு நேரம், அச்சகத்தில் யாரும் இல்லை. இருபது வருடமாகப் படக்கதை படிக்கிறவன் நான். முகமூடி போட்டவர்கள் எத்தனையோ பேரைப் பார்த்தாயிற்று. இப்படி ஒருவனைப் பார்த்ததில்லை.

கதை இதுதான். நாயகன் பெயர் அலையாத்தி. பகலில் பிச்சாவரத்தில் படகு தள்ளுகிறவன். அலையில் தன் குடும்பத்தை இழந்தவன். இருட்டியதும் உடம்பெல்லாம் சேறு பூசி, கிழிந்த வலையை முகத்தில் கட்டிக்கொண்டு கிளம்புவான். அவனுக்குப் பறக்கத் தெரியாது. நீருக்குள் மூச்சை அடக்குவான், வேர்களுக்குள் நழுவுவான், ஒருவனைப் பிடித்தால் விடமாட்டான். அவன் தேடுவது ஒரே ஆளை. அந்த ஆளுக்குக் 'கேட்டவன்' என்று பெயர். அலை வருவதற்கு முன்னால் அவனுக்கு ஒரு போன் வந்தது. கடல் உள்ளே வருகிறது, எல்லோரையும் மேட்டுக்குப் போகச் சொல் என்று அதில் சொன்னார்கள். கேட்டவன் அதை யாரிடமும் சொல்லவில்லை. அவ்வளவுதான் அவன் செய்த குற்றம். அவனை அலையாத்தி கழிமுகம் முழுக்கத் துரத்துகிறான்.

தொண்ணூற்று ஐந்தாம் பக்கத்தில் கலங்கரை விளக்கத்தின் உச்சி. அலையாத்தி அவனைச் சட்டைக் காலரைப் பிடித்துக் கம்பிக்கு வெளியே தொங்கவிட்டிருக்கிறான். கீழே பாறை. கேட்டவன் மெதுவாகச் சொல்கிறான்: "எனக்கும் ஒரு புள்ள இருந்துச்சு."

அதோடு அந்தப் பக்கம் முடிகிறது. அலையாத்தியின் கண், வலைக்குள்.

நான் பக்கத்தைத் திருப்பினேன். தொண்ணூற்றாறில் என்ன இருந்தது என்பதைப் பிறகு சொல்கிறேன், ஐயா. கதையை எந்த இடத்தில் நிறுத்த வேண்டும் என்று எனக்குக் கொஞ்சம் தெரியும். இப்போதைக்கு இது போதும்: அதைப் படித்ததும் காபியில் உப்பு விழுந்தது போல இருந்தது.

அவனிடம் அதைச் சொல்லவில்லை. "பிரமாதம் மச்சான்" என்று மட்டும் சொன்னேன். அன்றிலிருந்து அவன் எனக்கு மச்சான், நான் அவனுக்கு மச்சான். பேச்சுக் கட்டங்களில் எழுத்தெல்லாம் நானே கையால் எழுதினேன். ஒரு எழுத்துக்கு மூன்று தடவை எழுதிப் பார்த்திருக்கிறேன். அலையாத்தி பேசும்போது எழுத்தின் வால் ஈரமாகத் தொங்கும், கவனித்திருப்பீர்கள். அது என் யோசனை.

எழுத்து வேலை நடந்த எட்டு மாதமும் எனக்குக் கால் தரையில் பாவவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் கடலூருக்கு பஸ் ஏறுவேன். சுனாமி குடியிருப்பில் அவன் வீடு. பக்கத்தில் பனஞ்சட்டம் போட்டு, ஆஸ்பெஸ்டாஸ் கூரை இறக்கி, ஓர் அறை கட்டியிருந்தான். அங்கேதான் வரைவான். அவன் மனைவி மகேஸ்வரி டீ கொண்டுவந்து வைத்துவிட்டுப் போவாள். "அண்ணே, சக்கர ஜாஸ்தியா போட்டுருக்கேன், உங்களுக்குப் புடிக்கும்னு" என்பாள். அதற்கு மேல் பேச்சு இருக்காது. அவர்கள் இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து பேசி நான் பார்த்ததே இல்லை. சண்டையும் இல்லை. சாப்பாடு போடுவாள், அவன் சாப்பிடுவான், தட்டை எடுத்துக் கழுவுவாள்.

ஏன் என்று ஒரு நாள் அவனே சொன்னான். அவர்களுக்கு அஜய் என்று ஒரு பையன். ஐந்து வயது. 2004 டிசம்பர் இருபத்தாறு, ஞாயிற்றுக்கிழமை காலையில் பக்கத்து வீட்டுக்கு மகேஸ்வரியைக் கேட்டு ஒரு போன். நாகப்பட்டினத்திலிருந்து அவள் அண்ணன். கடல் உள்ளே வருகிறது, பிள்ளையைக் கரைக்கு விடாதே என்று கத்தியிருக்கிறார். அண்ணன் குடிக்கிறவர். காலையிலேயே ஏறிவிட்டது என்று இவள் சிரித்துக்கொண்டே போனை வைத்துவிட்டாள். பையன் கரையில் பந்து விளையாடிக்கொண்டிருந்தான்.

"நான் இத்தன வருசத்துல அவள ஒரு வார்த்த கேட்டதில்ல மச்சான்" என்றான். "கேக்காம இருக்கறதுதான் நல்லதுன்னு நெனச்சேன். நான் கேக்காததையே அவ தண்டனைன்னு எடுத்துக்கிட்டா. இப்ப நான் என்னா சொன்னாலும் நம்ப மாட்டா. அதான் வரைஞ்சேன். படிச்சா புரியும்."

ஆகவே, ஐயா, எனக்குத் தெரியாது என்று நான் சொல்லப் போவதில்லை. அந்தக் கடைசிப் பக்கம் யாருக்காக என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஆனால் புத்தகம் என்பது ஒருத்தர் படிப்பதற்கு அச்சடிப்பதில்லை. வீட்டுக்காரிக்கு ஒன்று சொல்ல வேண்டுமென்றால் ஒரு கடிதம் போதும். அதற்கு ஐந்நூறு பிரதி எதற்கு?

2010 மார்ச்சில் கடைசிப் பிளேட் எடுத்தேன். தொண்ணூற்றாறாம் பக்கத்தின் ஃபிலிமை மேஜை விளக்கில் வைத்து ரொம்ப நேரம் பார்த்தேன். பிறகு அதை எடுத்து வைத்துவிட்டு, அந்த இடத்தில் கறுப்புத் தாளை அளவாக வெட்டி ஒட்டி பிளேட் எடுத்தேன். அவ்வளவுதான் வேலை. பத்து நிமிடம். அசல் ஓவியத்தையும் ஃபிலிமையும் அன்றே கழிவுத் தாளோடு எரித்துவிட்டேன்.

மெஷின்காரர் ராமாமிர்தம் மட்டும் கேட்டார். "என்னா கொளஞ்சி, கடைசிப் பக்கம் கரியாக் கெடக்குது?"

"அதான் கதை, அண்ணே" என்றேன்.

அவர் தோளைக் குலுக்கிவிட்டு ஓட்டினார். நல்ல மனிதர். பிற்பாடு அரவிந்தனிடம் அது மெஷின்காரர் செய்த தவறு என்று சொல்ல வேண்டி வந்தது. முதலாளியும் அப்படியே நம்பி அவரை நிறுத்திவிட்டார். அவருக்கு அறுபது நெருங்கிக்கொண்டிருந்தது. எப்படியும் நின்றிருப்பார்.

பைண்டிங் முடிந்த அன்று அரவிந்தன் வந்தான். முதல் பிரதியை முகர்ந்து பார்த்தான். அட்டையைத் தடவினான். பிறகு நேராகக் கடைசிப் பக்கத்தைத் திருப்பினான். தாள் கட்டின் மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டான். கத்தவில்லை. "இது என்னா மச்சான்" என்று இரண்டு முறை கேட்டான்.

ஃபிலிம் வீணாகிவிட்டது, மெஷினில் யாரும் பார்க்கவில்லை, அசல் குப்பையோடு போய்விட்டது என்று சொன்னேன். அழுதேன். அது பொய் அழுகை இல்லை. அவன் முகத்தைப் பார்க்க எனக்கே கஷ்டமாக இருந்தது. அவன்தான் என் தோளைத் தட்டிக்கொடுத்தான். "சரி வுடு, திரும்ப வரைஞ்சு ஒட்டிக் குடுத்துடலாம்" என்றான். அவன் அப்படிப்பட்டவன்.

ஆனால் அவனால் வரைய முடியவில்லை. இதை நான் எதிர்பார்க்கவில்லை. அது எனக்குக் கிடைத்த அதிர்ஷ்டம். மற்ற தொண்ணூற்று ஐந்து பக்கத்தை வரைந்த கை அந்த ஒரு பக்கத்துக்கு மறுபடி வரமாட்டேன் என்றது. வரைவான், கிழிப்பான். அதற்குள் புத்தகம் வெளியே போய்விட்டது.

பிறகு நடந்ததைத்தான் நான் உங்களுக்கு நிதானமாகச் சொல்ல ஆசைப்படுகிறேன்.

முதல் கடிதம் சவூதியிலிருந்து. பரங்கிப்பேட்டைக்காரர். லீவு முடிந்து போகும்போது புத்தகத்தைக் கொண்டுபோயிருக்கிறார். ஒரே அறையில் ஊர்க்காரர்கள் நாலு பேர். கேட்டவனைக் கீழே போட்டுவிட்டான் என்று இருவர், போடவில்லை என்று இருவர். மூன்று நாளாக ஒரே சட்டியில் சமைத்து இரண்டு மூலையில் உட்கார்ந்து சாப்பிடுகிறோம், தயவுசெய்து எது சரி என்று எழுதவும் என்று கேட்டிருந்தார். அதை நான் அச்சகத்தில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன். படிக்கும்போதே சிரிப்பு வந்து நிறுத்த வேண்டியதாயிற்று. வெட்டும் மெஷின்காரர் எனக்குத் தண்ணீர் கொடுத்தார்.

அப்புறம் மழைதான். நெய்வேலியில் ஒரு வாத்தியார் வகுப்பில் ஓட்டெடுப்பு நடத்தினார். சிதம்பரத்தில் காலேஜ் ஹாஸ்டலில் 'வுட்டுட்டான் கட்சி', 'வுடல கட்சி' என்று இரண்டு அணி. கிரிக்கெட் மேட்சுகூட அந்தப் பெயரில் ஆடினார்கள். கீழவீதி முனையில் ஒரு டீக்கடை உண்டு. அங்கே மாலையில் வாதம் நடக்கும். நான் யாரென்று அவர்களுக்குத் தெரியாது. திங்கட்கிழமை போய் "போடாம வுட்டா அவன் எதுக்குக் கழிமுகம் முழுக்கத் தொரத்துறான்" என்பேன். புதன்கிழமை போய் "புள்ள இருந்துச்சுன்னு சொன்னப்பறம் எந்தக் கையால போடுவான்" என்பேன். ஒரு பையன் என்னைப் பார்த்து, "அண்ணே, அன்னிக்கு நீங்க வேற மாதிரி பேசுனீங்களே" என்றான். "யோசிச்சு மாத்திக்கிட்டேன் தம்பி" என்றேன். அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு சிரித்தேன். தலையணையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தேன். அடுத்த அறைக்காரர் மறுநாள் உடம்பு சரியில்லையா என்று விசாரித்தார்.

புதுசாகக் கல்யாணமான ஒருவர் பெண்டாட்டியோடு இதற்காகச் சண்டை போட்டுத் திருவதிகைக் கோயிலில் வைத்து சமாதானம் ஆனதாக எழுதினார். எத்தனை ஆயிரம் கல்யாணப் பத்திரிகை அடித்திருப்பேன். எதற்காவது ஒருவர் கடிதம் போட்டதுண்டா? இங்கே ஒரு கறுப்புத் தாள். அதில் ஒரு கோடுகூட இல்லை. மனிதர்கள் அதற்குள் கை, கால், கடல், கடவுள் எல்லாம் பார்த்தார்கள்.

கூட்டங்களில் அரவிந்தனைக் கேட்பார்கள். அவன் தலையைக் குனிந்துகொள்வான். அச்சுப் பிழை என்று சொல்ல அவனுக்குக் கூச்சம். இவ்வளவு பேர் இவ்வளவு ஆசையாகக் கேட்கும்போது எப்படிச் சொல்வது? அவன் மௌனத்துக்கும் கைதட்டினார்கள். அவனும் சந்தோஷமாக இருக்கிறான் என்றுதான் நான் நினைத்தேன்.

மகேஸ்வரி அந்தப் புத்தகத்தைப் படித்தது எனக்கு முதலில் தெரியாது. அவள் எதையும் படிக்கிறவள் இல்லை. ஊரெல்லாம் பேசுவதைக் கேட்டு ஒரு நாள் எடுத்து உட்கார்ந்திருக்கிறாள். கேட்டவன் யாரென்று அவளுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. போன் வந்த இடத்திலேயே தெரிந்துகொண்டாள். கடைசிப் பக்கம் வரைக்கும் பொறுமையாகப் படித்துவிட்டு, திருப்பி, அந்தக் கறுப்பைப் பார்த்திருக்கிறாள்.

அரவிந்தன் அது அச்சுப் பிழை என்று அவளிடம் சொன்னான். அவள் சொன்ன பதிலை அவன் என்னிடம் வந்து ஒப்பித்தான்.

"தொண்ணூத்தஞ்சு பக்கத்துல ஒரு பொட்டுப் பெசகல. எனக்குப் பதில் சொல்ற பக்கத்துல மட்டும் மை கொட்டிக்கிச்சா? வுடுங்க. நான் போறேன்."

பரங்கிப்பேட்டைக்குப் பக்கத்துக் குப்பத்தில் தாய்வீடு. அங்கே போய்விட்டாள். அவன் இரண்டு முறை போய்க் கூப்பிட்டான். வாசல் வரை வந்து சாப்பிட்டீர்களா என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விடுவாளாம். எனக்கு வருத்தமாக இருந்தது. அதே சமயம், ஐயா, ஒரு வாசகியின் மேல் ஒரு பக்கம் இவ்வளவு வேலை செய்கிறதே என்று பிரமிப்பாகவும் இருந்தது. இதை மறைத்து என்ன ஆகப்போகிறது.

2011 டிசம்பர் கடைசியில் அவன் போன் செய்தான். குரலே வேறாக இருந்தது. "வந்துடுச்சு மச்சான். ஒரே மூச்சுல வந்துடுச்சு. கெளம்பி வா."

இருபத்தொன்பதாம் தேதி மாலை போய்ச் சேர்ந்தேன். வானம் ஒரு மாதிரி மஞ்சளாக இருந்தது. புயல் வருகிறது என்று ரேடியோவில் சொல்லிக்கொண்டிருந்தார்கள். பஸ்ஸெல்லாம் நிறுத்தப் போவதாகப் பேச்சு. அவன் அதையெல்லாம் காதில் வாங்கவில்லை. மேஜை மேல் பக்கத்தைப் பரப்பி வைத்திருந்தான். பழையதைவிட நன்றாக வரைந்திருந்தான். அதை நான் ஒப்புக்கொள்ள வேண்டும்.

"பஸ்சு ஓட ஆரம்பிச்சதும் மொதல்ல அவகிட்ட கொண்டு போறேன்" என்றான். "அப்பறம் நீ அடுத்த பதிப்புல சேத்துடு."

படித்தவர்களை நினைத்துப் பார் என்றேன். இத்தனை பேர் இத்தனை மாதமாகப் பேசிக்கொண்டிருக்கிறார்களே, அவர்களிடம் போய் இதுதான் விடை என்று நீட்டினால் எல்லாம் ஒரே நாளில் முடிந்துவிடும் என்றேன். டீக்கடை, ஹாஸ்டல், சவூதி அறை எல்லாவற்றையும் சொன்னேன்.

அவன் என்னைப் புரியாமல் பார்த்தான். "மச்சான், நான் அவளுக்குத்தான் வரைஞ்சேன். மத்தவங்க படிச்சது எனக்குச் சந்தோசம். ஆனா அவ அங்க கதவச் சாத்திக்கிட்டு ஒக்காந்திருக்கா."

பிறகு சாப்பிட்டோம். மத்தி மீன் குழம்பு, அவனே வைத்தது. படுத்தோம். அவன் இணங்கவில்லையே என்ற ஆத்திரம் எதுவும் எனக்கு இல்லை. நன்றாகத் தூங்கினேன்.

விடியும்போது காற்று வந்துவிட்டது. அந்தக் காற்றை நீங்களும் பார்த்திருப்பீர்கள். வாழை மட்டும் இல்லை, நூறு வருடப் பலாமரமும் படுத்த காற்று. ஏழு மணி வாக்கில் ஆஸ்பெஸ்டாஸ் தாள்கள் ஒவ்வொன்றாகப் பிய்ந்து பறந்தன. பக்கம் நனைந்துவிடும் என்று அரவிந்தன் அந்த அறைக்கு ஓடினான். நானும் பின்னால் போனேன். அவன் அதை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டு மூடுகிற நேரத்தில் சுவர் மேலிருந்த பனஞ்சட்டம் பெயர்ந்து இறங்கியது. அவன் மல்லாந்து விழுந்தான். சட்டம் நெஞ்சுக்குக் குறுக்கே கிடந்தது. ஒரு முனை சுவர்க் கல்லில் தங்கியிருந்ததால் முழு பாரமும் அவன் மேல் இல்லை. மூச்சு விட முடிந்தது. பேசவும் முடிந்தது.

"மொதல்ல அத எடு மச்சான். நனைஞ்சிடும்" என்றான். கவரை என் பக்கம் நீட்டினான்.

வாங்கிச் சட்டைக்குள் வைத்துப் பித்தானைப் போட்டேன்.

"இப்ப இதத் தூக்கு" என்றான்.

ஒரு ஆள் தூக்கக்கூடிய பாரம்தான். கல்லில் தங்கிய முனையைச் சற்று உயர்த்திப் பிடித்தால் அவன் நழுவி வந்திருப்பான். நான் குனிந்து பார்த்தேன். பிறகு அந்தச் சட்டத்தின் மேல், அவன் நெஞ்சுக்கு நேராக, உட்கார்ந்தேன். என் எடை அறுபத்தெட்டு கிலோ.

அவன் முதலில் நான் கால் இடறி உட்கார்ந்துவிட்டதாக நினைத்தான் என்று தோன்றுகிறது. அப்படித்தான் பார்த்தான்.

இடையில் காற்று ஒரு முறை சற்றே தணிந்தது. அடுத்த வீட்டு மங்கம்மாக்கா சன்னல் பக்கம் வந்து குரல் கொடுத்தார்கள். "யப்பா, உள்ள எல்லாம் நல்லாருக்கீங்களா?"

"நல்லாருக்கோம் யக்கா, நீங்க உள்ள போங்க" என்றேன். குரல் பிசிறவில்லை.

எவ்வளவு நேரம் என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. எழுந்தபோது கால் மரத்திருந்தது. வெளியே வந்தேன். தெருவில் ஒரு மரமும் நிற்கவில்லை. கம்பமெல்லாம் தரையில். எல்லாவற்றையும் யாரோ ஒரே பக்கமாகச் சீவிவிட்டது போல இருந்தது. மழை முகத்தில் அடித்தது. எனக்கு உடம்பே இல்லாதது போல லேசாக இருந்தது. சிரிப்பு வந்தது, அடக்கவில்லை. சத்தம் யாருக்கும் கேட்டிருக்காது. துக்கம் இல்லாமல் இல்லை, ஐயா. அவனைத் தூக்கிக்கொண்டு போனவர்களில் நானும் ஒருவன். அந்த அழுகையும் உண்மை. புயலில் செத்தவர்கள் பட்டியலில் அவன் பெயரைச் சேர்த்தார்கள். யாரும் எதுவும் கேட்கவில்லை.

மகேஸ்வரி காரியத்துக்கு வந்தாள். என் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணே, கடைசியில எதாச்சும் சொன்னாரா?" என்று கேட்டாள். பக்கம் நனையக் கூடாது என்றுதான் சொன்னான். அதை எப்படிச் சொல்வது? "ஒண்ணும் சொல்லல தங்கச்சி" என்றேன்.

அடுத்த பதிப்பும் கறுப்புப் பக்கத்தோடுதான் வந்தது. இந்த முறை பொறுமையாகக் காயவிட்டேன். கறை இல்லை.

பிறகு ஏன் நானாக வந்தேன் என்று கேட்டீர்கள். மனசாட்சி என்றேன், எழுதிக்கொண்டீர்கள். அது சரிதான். போன ஞாயிற்றுக்கிழமை சிதம்பரத்தில் அந்தப் புத்தகத்துக்கு ஒரு கூட்டம் நடந்தது. நான் மூன்றாவது வரிசையில் இருந்தேன். பேராசிரியர் ஒருவர் ஒரு மணி நேரம் அந்தக் கறுப்புப் பக்கத்தைப் பற்றி மட்டும் பேசினார். தமிழில் இப்படி ஒரு முடிவை எழுதத் துணிந்தவர் இல்லை என்றார். நூற்றுக்கணக்கானவர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள். என் காது அடைத்துக்கொண்டது. உடம்பெல்லாம் புல்லரித்தது. உடனே அவர், "அரவிந்தன் என்ற அந்த மேதை" என்றார். தொடர்ந்து மூன்று முறை அப்படியே சொன்னார்.

மேடைக்கு மகேஸ்வரியை அழைத்துப் பொன்னாடை போர்த்தினார்கள். அவள் மைக்கில் ஒரே ஒரு வார்த்தைதான் பேசினாள். "அவுரு என்ன மன்னிக்கல. அதான் அந்தப் பக்கம் அப்படி இருக்குது." அதற்கும் கைதட்டினார்கள்.

கூட்டம் முடிந்ததும் பேராசிரியரிடம் போய் அந்தப் பக்கம் என்னுடையது என்றேன். அவர் என் கையைக் குலுக்கி, "வாசகர் ஒவ்வொருவரும் அப்படி உணர்வதுதான் அதன் வெற்றி" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறிவிட்டார். அதற்குப் பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. நாலாம் நாள் இங்கே வந்தேன்.

மேஜை மேல் நீங்கள் வைத்திருக்கும் அந்த பிளாஸ்டிக் கவரில் இருப்பதுதான் தொண்ணூற்றாறாம் பக்கம். எரிக்க மனம் வரவில்லை. நண்பன் கடைசியாக வரைந்தது. அதில் மூன்றே கட்டம். முதலாவதில் அலையாத்தி கேட்டவனை மேலே இழுத்துக் கம்பிக்கு உள்ளே உட்காரவைக்கிறான். இரண்டாவதில் முகத்து வலையை அவிழ்த்துவிட்டு அவன் பக்கத்தில் தானும் உட்காருகிறான். மூன்றாவதில் இரண்டு பேரும் கடலைப் பார்த்தபடி இருக்கிறார்கள். அலையாத்தி சொல்கிறான்: "போன்ல சொன்னா யாருதான் நம்புவா. நானா இருந்தாலும் சிரிச்சிட்டுத்தான் வச்சிருப்பேன்."

இவ்வளவுதான். நீங்களே படித்தீர்கள். சப்பென்று இல்லையா?

வாக்குமூலத்தில் என் பெயரை இனிஷியலோடு எழுதுங்கள், வா. கொளஞ்சியப்பன். பேப்பர்காரர்கள் கேட்டால் கறுப்புப் பக்கம் நான் செய்தது என்று தெளிவாகச் சொல்லுங்கள். கொலையை அவர்கள் எப்படியும் எழுதிக்கொள்வார்கள்.

படத்தை அடையாளம் காட்ட மகேஸ்வரியை வரவழைத்திருக்கிறீர்கள் போலிருக்கிறது. வெளியே பெஞ்சில் அவள் குரல் கேட்கிறது. "அவுரு வரைஞ்சது ஒண்ணு கெடச்சிருக்காமே, ஒரே ஒரு தடவ பாத்துட்டுக் குடுத்துடறேன்" என்று ஏட்டையாவிடம் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

எங்கே சொன்னாலும் கையெழுத்துப் போடுகிறேன், ஐயா. என்ன தண்டனை கொடுத்தாலும் சரி. அந்தக் கவரை மட்டும் அவளிடம் காட்டாதீர்கள். ஊரே கொண்டாடுகிற ஒரு முடிவை ஒருத்திக்காகக் கெடுக்கக் கூடாது.